மூன்று மணி மீன்

வருகைப் பதிவேட்டில் வேறொரு பெயர் இருந்தது. அந்தப் பெயரைச் சொல்லி உணவகத்தில் யாரும் கூப்பிட்டதில்லை. பதினொரு ஆண்டுகளாக எல்லோருக்கும் அவர் முள்ளக்காதான். அவரைவிடப் பத்து வயது மூத்த முதலாளிக்கும் அக்கா, நேற்றுச் சேர்ந்தவனுக்கும் அக்கா.

பெயருக்குக் காரணம் அவர் கையிலிருந்த சின்ன இடுக்கி. செதில் சுரண்டி, வயிற்றைக் கீறிக் கழுவி, நடுமுள்ளை ஒட்டினாற்போலக் கத்தியை ஒரே இழுப்பில் ஓட்டி, இரண்டு பக்கத்துச் சதையையும் எடுத்துவிட்டால் வேலை முடிந்தது என்று மற்றவர்கள் கை கழுவப் போய்விடுவார்கள். முள்ளக்காவுக்கு அப்போதுதான் வேலை தொடங்கும். சதையின் மேல் சுட்டுவிரலை மெல்லத் தடவிக்கொண்டே போவார். கண்ணுக்குத் தெரியாத முள் விரலில் இடறும். அதை இடுக்கியால் பிடித்து, அது சாய்ந்திருக்கும் பக்கமாகவே இழுப்பார்; எதிர்ப்பக்கம் இழுத்தால் சதை கிழியும். ஒரு துண்டில் பதினெட்டு, இருபது முள் இருக்கும். ஒரு நாளைக்கு நூற்றிருபது துண்டு. அந்த உணவகத்தில் சாப்பிட்ட எவர் தொண்டையிலும் இதுவரை முள் சிக்கியதில்லை. சிக்காத முள்ளுக்கு எவரும் நன்றி சொன்னதுமில்லை.

அவர் வேலை செய்த பின்னறைக்கு ஐஸ் ரூம் என்று பெயர். ஒரு எஃகு மேசை, நான்கு ஐஸ் பெட்டிகள், எப்போதும் ஈரமான தரை, ஒரு குழாய். சுவரில் இரண்டடி அகலத்துக்கு ஒரு திறப்பு. அதன் வழியாகத்தான் சுத்தம் செய்த மீன் அந்தப் பக்கம் போகும். அந்தப் பக்கம் கரி அடுப்பு. நடுவில் இருந்த சுவரின் கனம் ஒரு சாண். பதினொரு ஆண்டுகளில் முள்ளக்கா அந்த ஒரு சாணைக் கடந்து அடுப்பின் முன் நின்றது ஒரே ஒரு நாள்.

இந்த ஆண்டு அவர் விரல்கள் மக்கர் செய்யத் தொடங்கின. காலையில் எழுந்தால் ஊக்கு மாட்ட முடியாது. மகளுக்குத் தலை பின்னும்போது விரல்கள் யாருடையவையோ போல நிற்கும். மருத்துவர் அவர் விரல் நுனிகளை ஒவ்வொன்றாக ஊசியால் தொட்டுப் பார்த்தார்.

"தெரியுதா?"

"மூணாவதுல தெரியல டாக்டர்."

"ஐஸ்ல கை வைக்கிறத நிறுத்துங்க. இப்படியே போனா ஒரு வருஷத்துல எந்த விரல்லயும் தெரியாது."

"நிறுத்திட்டு?"

"வேற வேலை பாருங்க," என்றார் மருத்துவர், வேறு சட்டை போடுங்கள் என்பதைப் போல.

வேறு வேலை ஒரு சாண் தூரத்தில் காத்திருந்தது. அடுப்பில் மாஸ்டருக்குத் துணையாக நின்றவர் வேலையை விட்டு வெளியூர் போய்விட்டார். அந்த இடம் காலி. முள்ளக்காவின் கணக்கு எளிமையானது. அடுப்பு கிடைத்தால் விரல்கள் பிழைக்கும். கிடைக்காவிட்டால் விரல்களா, வேலையா என்று ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். வேலையை விட்டாலும் நாற்பத்து மூன்று வயதில், மரத்துப்போன விரல்களோடு, எங்கே போய் நிற்பது?

ஆனால் நடுவில் ஒரு பெரிய மலை இருந்தது. அதன் பெயர் கைராசி.

மாஸ்டர் என்று எல்லோரும் அழைத்த தலைமைச் சமையல்காரர் கெட்டவரல்ல. நன்றாகச் சமைப்பார், சத்தமாகச் சிரிப்பார், யாருக்காவது காய்ச்சல் என்றால் கஞ்சி கொடுத்தனுப்புவார். ஆனால் உலகில் நடக்கும் எல்லாவற்றுக்கும் அவரிடம் ஒரே விளக்கம்தான் உண்டு. அவர் சுடும் மீன் கம்பித் தட்டில் ஒட்டாது. மற்றவர்கள் சுட்டால் ஒட்டும், பிய்யும், பாதி மீன் தட்டிலும் பாதி நெருப்பிலும் கிடக்கும். காரணம்? கைராசி. அவர் கை நெருப்புக் கை. மற்றவர்கள் கை சாதாக் கை. பெண்கள் கை குளிர்ந்த கை, அடுப்புக்கு ஆகவே ஆகாது.

பெண்ணின் கை குளிர்ந்திருந்தது உண்மைதான். நாள் முழுவதும் அதை ஐஸில் முக்கி வைத்தால் எவன் கையும் குளிரத்தான் செய்யும். அந்த அறையில் கையுறை என்று ஒரு பொருள் இருந்ததே இல்லை என்பது யாருக்கும் தோன்றவில்லை. வீட்டு அடுப்பிலிருந்து பெண்ணை நகரவிடாத அதே உலகம், சம்பளம் தரும் அடுப்பு என்றதும் அவள் கையைத் தொட்டுப் பார்த்துக் குளிர்ச்சி என்று சொல்லிவிடுகிறது.

முள்ளக்கா அடுப்பின் முன் நின்ற அந்த ஒரு நாள் ஆறு ஆண்டுகளுக்கு முன்பு வந்தது. துணை ஆளுக்கு உடம்பு சரியில்லை. மணி மூன்று. ஐந்து துண்டுகளை அடுக்கினார். ஐந்தும் ஒட்டின. மாஸ்டர் எட்டிப் பார்த்து, "போதும்மா, உள்ள போ. உன் கை மீனுக்கு ஆகாது," என்றார். அன்று காலையில் இருந்து மாலை வரை அங்கே விற்ற ஒவ்வொரு மீனையும் தொட்டு, தடவி, முள் எடுத்தது அதே கைதான். ஒருவருக்கும் அது நினைவுக்கு வரவில்லை. முள்ளக்காவுக்கே வரவில்லை. வெட்கத்தோடு உள்ளே போய்விட்டார். ஒரு பொய்யை ஐந்து பேர் சேர்ந்து தினமும் சொன்னால், யாரைப் பற்றிய பொய்யோ அவருக்கே அது பழகிவிடும்.

பழக்கம் கலைந்தது மாஸ்டரின் பல்லால்.

துணை ஆள் வேலையை விடுவதற்குச் சில வாரங்கள் முன்பு ஒரு நாள், மாஸ்டர் கடைவாய்ப் பல்லைப் பிடுங்கிக்கொண்டு, கன்னம் பந்தாக வீங்க, இரண்டு மணிக்கு மேல்தான் வந்தார். வழக்கமாக அவர் பதினொன்றரைக்கு அடுப்பில் நிற்பார், ஒரு மணிக்கு இறங்கிச் சாப்பிட்டுவிட்டு, மாவு மூட்டைகளுக்கு நடுவில் ஒரு தூக்கம் போடுவார். அதற்குப் பிறகு துணை ஆள்தான் சுடுவார். அன்று தலைகீழாகிவிட்டது. துணை ஆள் பன்னிரண்டு மணிக்குச் சுட்டார், ஒன்றுகூட ஒட்டவில்லை. மாஸ்டர் இரண்டரைக்குச் சுட்டார். ஏழு துண்டுகள் ஒட்டிக் கிழிந்தன.

மாஸ்டர் திறப்புக்குள் தலையை நீட்டினார். "என்னா வெட்டு வெட்டியிருக்க? உன் கை பட்ட மீனு, அதான் இப்படி!" வீங்கிய கன்னத்தில் பாதிச் சொற்கள் மாட்டிக்கொண்டன.

முள்ளக்கா அப்போது மதியத்துக் கம்பித் தட்டைத் தேய்த்துக்கொண்டிருந்தார். அதுவும் அவர் வேலைதான். மதியத் தட்டு இரண்டு தேய்ப்பில் பளபளக்கும். பிற்பகல் தட்டோடு அரை மணி நேரம் மல்லுக்கட்ட வேண்டும். மீன்தோல் கருகிக் கம்பியோடு கம்பியாகியிருக்கும். பதினொரு ஆண்டுகளாக அப்படித்தான். இன்று மதியத் தட்டு துணை ஆளுடையது. அதுவும் பளபளத்தது.

தேய்த்த கை நின்றது. மற்றவர்கள் சுட்டு ஒட்டினால், சுட்டவர் கை சரியில்லை. மாஸ்டர் சுட்டு ஒட்டினால், வெட்டியவள் கை சரியில்லை. அட, இது நல்ல ராசியாக இருக்கிறதே!

மறுநாளிலிருந்து திறப்பின் உள்பக்கச் சட்டத்தில் கரித்துண்டால் கோடு போடத் தொடங்கினார். அடுப்பிலிருந்து 'போச்சு!' என்று சத்தம் கேட்டால் ஒரு கோடு. ஒரு மணிக்கு முன்பானால் இடப்பக்கம், பின்பானால் வலப்பக்கம். இரண்டு வாரத்தில் இடப்பக்கம் இரண்டு கோடு. வலப்பக்கம் முப்பத்தேழு.

ராசி கையில் இருந்தால் மணி பார்த்து மாறாது. அப்படியானால் காலையிலிருந்து பிற்பகலுக்குள் மீனுக்கு என்ன நடக்கிறது? ஒன்றுதான் நடந்தது: குளியல். அது மாஸ்டரின் சட்டம். பதினோரு மணிக்கு எல்லாத் துண்டுகளையும் ஒரு தொட்டி நிறைய எலுமிச்சைச் சாற்றில் மூழ்கப் போட வேண்டும். அங்கிருந்துதான் ஒவ்வொன்றாக அடுப்புக்கு வரும். முதலில் போகும் மீன் அரை மணி ஊறியிருக்கும். மூன்று மணிக்குப் போகும் மீன் நான்கு மணி நேரம் ஊறி, வேகாமலேயே வெந்ததுபோல வெளுத்து, தொட்டால் உதிரும் நிலையில் இருக்கும். மாலைக்கு ஐந்தரை மணிக்குப் புதிய தொட்டி. ஆறு மணிக்கு மாஸ்டர் அடுப்பில் நிற்பார். நெருப்புக் கைக்கு எப்போதும் அரை மணி மீன்!

ஞாயிற்றுக்கிழமை விடுமுறை. முள்ளக்கா வீட்டில் சோதனை நடந்தது. மூன்றாவது மாடி, ஒரு ஆள் திரும்பினால் இன்னொரு ஆள் உள்ளே போக வேண்டிய பால்கனி. இரும்புச் சட்டியில் கரி. அதன் மேல் பழைய அடுக்கு அலமாரியிலிருந்து கழற்றிய கம்பித் தட்டு.

கணவர் லிஃப்ட் பழுது பார்ப்பவர். உட்கார்ந்த இடத்திலிருந்தே உலகத்தைக் கிண்டல் செய்வது அவருக்கு உபதொழில்.

"லிஃப்ட் நின்னுபோச்சுன்னா நான் என்ன, உள்ள மாட்டின ஆளோட ராசியப் பாக்குறேனா? கதவு சுவிட்ச்சதான் பாக்குறேன். உங்க மாஸ்டர எங்க வேலைக்கு அனுப்பு. ஒரு வாரத்துல ஊரே படிக்கட்டுல ஏறும்."

"பேசினது போதும், இடுக்கியப் பிடிங்க."

"நானா? எனக்கு வெந்நீர் வைக்கவே வராது."

"அதனாலதான் நீங்க. உங்க கையவிட ராசி கெட்ட கை இந்த வீட்டுல இல்ல."

மகள் பத்தாம் வகுப்பு. சிரித்து முடித்துவிட்டுக் கைப்பேசியில் நேரம் பார்க்க உட்கார்ந்தாள். நான்கு துண்டு, ஒரே மீன். முதல் துண்டு காலையிலிருந்தே எலுமிச்சைச் சாற்றில். இரண்டாவது பத்து நிமிடம் மட்டும் ஊறியது. மூன்றாவதும் நான்காவதும் ஊறவேயில்லை. துணியால் ஒற்றி ஈரத்தை எடுத்து, உப்புத் தூவி, எண்ணெய் தடவியவை. மூன்றாவதைத் தட்டு சூடேறுமுன்பே வைத்தார்கள். நான்காவதைத் தட்டு நன்றாகக் காய்ந்த பிறகு, கம்பிக்கு மேல் உள்ளங்கையைக் காட்டி மூன்று எண்ணுவதற்குள் இழுத்துக்கொள்ளும் சூட்டில் வைத்தார்கள்.

முதல் துண்டு கஞ்சியாகப் பிய்ந்தது. இரண்டாவது ஓரத்தில் கொஞ்சம் ஒட்டியது. மூன்றாவது தட்டைக் காதலித்துவிட்டது, பிரிக்க முடியவில்லை. நான்காவதைக் கணவர் உடனே கிளப்பப் பார்த்தார்.

"தொடாதீங்க! ரெண்டு நிமிஷம் பொறுங்க."

"ஒட்டியிருக்கே?"

"இப்ப ஒட்டும். அடி முறுகினா தானா விடும்."

இரண்டு நிமிடம் முப்பது நொடி என்று மகள் சொன்னபோது, வெந்நீர் வைக்கத் தெரியாத கை இடுக்கியை நீட்டியது. மீன் கம்பியை விட்டு அலுங்காமல் எழுந்து திரும்பிப் படுத்தது. அடியில் கம்பி கம்பியாகப் பழுப்புக் கோடு.

"பாத்தியா!" என்றார் கணவர், தானே கடலுக்குப் போய்ப் பிடித்து வந்ததைப் போல.

"அப்ப எலுமிச்சையே வேண்டாமாம்மா?" என்றாள் மகள்.

"வேணும். கடைசியா வேணும்."

ஒரு ஆரஞ்சை எடுத்து, மேல்தோலை மட்டும், உள்வெள்ளை படாமல், பூந்துருவலாகத் துருவினார். வெள்ளை பட்டால் கசக்கும். ஆரஞ்சுச் சாறு, ஒரு எலுமிச்சையின் சாறு, இரண்டு கரண்டி எண்ணெய், அரைக் கரண்டி தேன், உப்பு, நசுக்கிய மிளகு, கிள்ளிப்போட்ட புதினா. எல்லாவற்றையும் ஒரு ஊறுகாய் பாட்டிலில் போட்டு மூடிக் குலுக்கினார். தட்டிலிருந்து இறங்கிய சூட்டோடு மீன் மேல் ஊற்றினார். சொய்ங் என்று ஒரு சத்தம். எதிர் வீட்டு ஜன்னல் திறந்தது. இருபது ஆண்டு திருமண வாழ்க்கையில் கணவர் முழுதாக மூன்று நிமிடம் பேசாமல் இருந்தது அன்றுதான்.

திங்கட்கிழமை காலையிலேயே முள்ளக்கா முதலாளியிடம் போய் அடுப்பு வேலையைக் கேட்டார். முதலாளி பல்குத்தும் குச்சியை வாயின் ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரத்துக்கு மாற்றினார். முடிவெடுப்பது என்றால் அவருக்கு ஆகவே ஆகாது.

"மாஸ்டர் அவரு மச்சானுக்குக் கேட்டிருக்காரே அக்கா."

மாஸ்டர் மனைவியின் தம்பி அங்கே பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தான். மாஸ்டர் 'மச்சான்' என்று கூப்பிட்டுக் கூப்பிட்டு அதுவே அவன் பெயராகிவிட்டது. முதலாளிக்கும் அவன் மச்சான், பால்காரருக்கும் அவன் மச்சான். முள்ளக்கா மட்டும் தம்பி என்பார்.

"ரெண்டு பேரும் சுட்டுக் காட்டுறோம் முதலாளி. யாரு மீனு நல்லாருக்கோ அவங்களுக்கு."

முடிவைத் தன் தலையிலிருந்து மீன் தலைக்கு மாற்றும் இந்த யோசனை முதலாளிக்குப் பிடித்துப்போனது. சனிக்கிழமை என்றார். மாஸ்டர் வந்து மூன்று மணி என்றார். கூட்டம் குறைந்திருக்கும் நேரம். தொட்டி மீனைத்தான் சுட வேண்டும் என்றும் சொன்னார்.

"மாஸ்டர், எனக்கு இன்னொரு யோசனை இருக்கு," என்றார் முள்ளக்கா. "தொட்டியில ஊறப் போடாம, சுட்ட பிறகு சாறு ஊத்தினா..."

"யம்மா, இருபது வருஷமா ஊர்ல பாதிப் பேரு இந்தக் குளியல் மீனுக்காகத்தான் வர்றான். நீ முள்ள எடு, போதும்."

"சரி மாஸ்டர். அப்ப நீங்களும் நாலு துண்டு சுட்டுக் காட்டணும். உங்க கைதானே அளவு. அதப் பாத்தாத்தானே நாங்க எவ்வளவு மட்டம்னு தெரியும்?"

மாஸ்டருக்கு மனம் குளிர்ந்துபோயிற்று. "அதுக்கென்ன, பாத்துக் கத்துக்குங்க."

சனிக்கிழமை மூன்று மணிக்கு அடுப்பைச் சுற்றி ஒரு சின்னக் கூட்டமே நின்றது. முதலாளி நாற்காலி போட்டு உட்கார்ந்தார். பரிமாறுகிறவர்கள் கதவை முட்டுக்கொடுத்துத் திறந்து வைத்துக்கொண்டு நின்றார்கள். முள்ளக்காவின் மூன்றாவது விரல் காலையிலிருந்தே மரத்திருந்தது. அதை முந்தானைக்குள் சுருட்டி வைத்துக்கொண்டார்.

முதலில் மச்சான். நான்கு துண்டு, நான்கும் பிய்ந்தன. யாரும் ஆச்சரியப்படவில்லை, மச்சானே ஆச்சரியப்படவில்லை.

"கத்துக்குவான்," என்றார் மாஸ்டர். பிறகு இடுக்கியை மூன்று முறை டக் டக் டக் என்று தட்டிக்கொண்டு முன்னே வந்தார். இருபது ஆண்டுகளில் பிற்பகலில் அவர் மீன் சுட்டது ஒரே முறை. அன்றைக்குப் பல் வலி என்பதால் அது அவர் கணக்கில் இல்லை. நான்கு வெளுத்த துண்டுகளை வரிசையாக வைத்தார். திருப்பினார். முதல் துண்டின் பாதி வந்தது. இரண்டாவதன் தோல் மட்டும் வந்தது. மூன்றாவது உடைந்து கரிக்குள் விழுந்து புகைந்தது.

யாரோ தும்மினார்கள்.

"கரி ஈரம்," என்றார் மாஸ்டர்.

"நேத்து வந்த புதுக் கரி," என்றார் முதலாளி.

"தட்டு சரியாத் தேய்க்கல."

"நீங்கதான மாஸ்டர் காலையில தட்டப் பாத்து முகம் தெரியுதுன்னீங்க?" என்றான் பரிமாறுகிறவன் ஒருவன்.

"அப்ப மீனு! இவ வெட்டினது!"

முள்ளக்கா அதற்காகத்தான் காத்திருந்தார். "பன்னெண்டு மணிக்கு நீங்க இருபது துண்டு சுட்டீங்க மாஸ்டர். அதுவும் நான் வெட்டினதுதான். ஒண்ணாவது ஒட்டிச்சா?"

மாஸ்டர் கம்பியில் ஒட்டிய தோலைச் சுரண்டத் தொடங்கினார்.

முள்ளக்கா ஐஸ் பெட்டியிலிருந்து துணியில் சுற்றிய நான்கு துண்டுகளை எடுத்து வந்தார்.

"இது குளிக்காத மீனு! இது போங்காட்டம்!" என்றார் மாஸ்டர்.

"ஆமா, குளிக்கல. அதான் காட்டப்போறேன். முதலாளி, அனுமதி உண்டா?"

முதலாளிக்குப் பசி வந்திருந்தது. "பாப்போமே," என்றார்.

ஒற்றினார், உப்பிட்டார், எண்ணெய் தடவினார். தட்டைச் சுரண்டிவிட்டு எண்ணெய்த் துணியால் துடைத்தார். கம்பிக்கு மேல் உள்ளங்கையைக் காட்டினார். ஒன்று, இரண்டு, கையை இழுத்துக்கொண்டார். துண்டுகளை வைத்தார். பிறகு யாரும் எதிர்பாராத ஒன்றைச் செய்தார். இடுக்கியை மச்சானிடம் நீட்டினார்.

"தம்பி, நீ திருப்பு."

"அய்யோ அக்கா, எனக்கெதுக்கு வம்பு!"

"வம்பில்ல. நான் சொல்றப்ப திருப்பு. அவசரப்படாத."

இரண்டரை நிமிடம். மச்சானின் நெற்றியிலிருந்து ஒரு சொட்டு வியர்வை கரியில் விழுந்து சுர்ரென்றது. "இப்ப," என்றார் முள்ளக்கா. மச்சான் கண்ணை மூடிக்கொண்டுதான் திருப்பினான் என்று பின்னால் எல்லோரும் சொன்னார்கள். நான்கும் வந்தன. ஒரு துணுக்குகூடத் தட்டில் மிச்சமில்லை. மச்சான் இடுக்கியைத் தன் முகத்துக்கு நேரே தூக்கிப் பார்த்தான், அது தன்னுடையதுதானா என்று.

ஊறுகாய் பாட்டில் குலுங்கியது. சாறு விழுந்தது. சொய்ங். ஆரஞ்சுத்தோல் மணம் சமையலறையைத் தாண்டி வெளியே போக, சாப்பிட்டு முடித்த மேசையிலிருந்து ஒருவர், "அது என்னது, எனக்கும் ஒண்ணு!" என்று குரல் கொடுத்தார். முதலாளி குச்சியைத் துப்பிவிட்டு ஒரு துண்டைச் சாப்பிட்டார். இரண்டாவதைச் சாப்பிட்டார். விரலை நக்கிக்கொண்டு, நியாயமாகவே ஒரு கேள்வி கேட்டார்.

"எல்லாஞ் சரிக்கா. ராசி இல்ல, ஒண்ணும் இல்லன்னு ஆயிடுச்சு. யாரு திருப்பினாலும் வரும்னு நீயே காட்டிட்ட. அப்புறம் அடுப்புக்கு எதுக்கு நீ? மச்சானே நிக்கட்டுமே."

முள்ளக்கா இதை நினைத்துப் பார்த்திருக்கவில்லை. ஒரு பொய்யை உடைப்பதிலேயே குறியாக இருந்தவர், உடைந்த துண்டு தன் காலிலேயே விழும் என்று எதிர்பார்க்கவில்லை. என் கைதான் உயர்ந்த கை என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் இந்த நேரம் அடுப்பு அவருடையது. மாஸ்டர் இருபது ஆண்டுகள் அப்படிச் சொல்லித்தான் பிழைத்தார். ஆனால் அது பொய். நாக்கில் வரவில்லை.

முந்தானைக்குள்ளிருந்து கையை எடுத்தார்.

"யாரு வேணா சுடலாம்னா, அந்த 'யாரு வேணா'வுல நான் இல்லையா முதலாளி? நேத்து வரைக்கும் எனக்கு மட்டுந்தான கூடாதுன்னு சொன்னீங்க. என் கை ஒசத்தின்னு நான் கேக்கல. எல்லார் கையும் மாதிரி இதுவும் ஒரு கைன்னுதான் கேக்குறேன்."

முள்ளக்கா மூன்றாவது விரலைக் கரி அடுப்பின் சூடான விளிம்புக்கு நேராக நீட்டி, தொட்டார். எல்லோரும் பதறினார்கள். அவர் எடுக்கவில்லை. மச்சான்தான் அவர் மணிக்கட்டைப் பிடித்து இழுத்தான்.

"சுடலையாக்கா?"

"தெரியல தம்பி. அதான் விஷயம். இன்னும் ஒரு வருஷம் ஐஸ்ல இருந்தா மீதி விரலும் இப்படித்தான். அப்புறம் முள்ளு தட்டுப்படாது. அது உங்க சாப்பாட்டுல வரும்."

கடைசி வாக்கியம் முதலாளியின் தொண்டைவரை போயிருக்க வேண்டும். அனிச்சையாகக் கழுத்தைத் தடவிக்கொண்டார். நியாயம் சில பேருக்கு அந்த வழியாகத்தான் உள்ளே இறங்குகிறது, இறங்கினால் சரி.

"மாசம் ஒருத்தரா மாத்தி நில்லுங்க," என்றார் முதலாளி. "ஒரு மாசம் அடுப்பு, ஒரு மாசம் ஐஸ். மொத ரெண்டு மாசம் அக்கா அடுப்பு, அந்த விரல் தேறட்டும். மச்சான் உள்ள போயி முள்ளு எடுக்கக் கத்துக்கடா. குளியல நிறுத்துங்க. சாறு மேலதான்."

மச்சான் ஐஸ் ரூமுக்குள் போன இரண்டாம் நாள், "கை விறைக்குது மாமா!" என்று ஒரு சத்தம் போட்டான். மூன்றாம் நாள் இரண்டு ஜோடி ரப்பர் கையுறை வந்து இறங்கியது. முள்ளக்கா அதைத் திறப்பின் வழியாகப் பார்த்தார். அவருக்குப் பதினொரு ஆண்டுகள், அவனுக்கு இரண்டு நாட்கள். ஆத்திரம் வந்தது. பிறகு சிரிப்பும் வந்தது. "தம்பி, இன்னும் கொஞ்சம் கத்து," என்றார். "ஸ்டூல் ஒண்ணு வேணும். அதையும் வாங்கிடலாம்."

மாஸ்டர் ஒரு வாரம் முகம் கொடுத்துப் பேசவில்லை. எட்டாம் நாள் ஒரு ஆரஞ்சோடு வந்து பக்கத்தில் நின்றார். கூரையைப் பார்த்துக்கொண்டே, "நேத்து வீட்டுல செஞ்சேன். கசந்துபோச்சு," என்றார்.

"வெள்ளை பட்டிருக்கும் மாஸ்டர். மேல்தோல் மட்டும் துருவணும்."

"ம்."

"இப்படி, லேசா."

"தெரியும், தெரியும்," என்று சொல்லிக்கொண்டே நன்றாகக் குனிந்து பார்த்தார்.

முள்ளக்கா அடுப்புக்கு வந்த மூன்றாவது வாரம், நண்பகல். வெளியே வரிசை நின்றது. அவசரத்தில் கரி கனியுமுன்பே ஒரு துண்டைத் தட்டில் வைத்துவிட்டார். திருப்பினார். ஒட்டியது. நடுவில் கிழிந்து, பாதி கம்பியில் தொங்கியது.

முள்ளக்காவின் தோள்கள் தாமாகவே குறுகின. ஆறு ஆண்டுகளுக்கு முன்பு அந்த இடத்தில் கேட்ட குரலுக்காகக் காது காத்திருந்தது. பரிமாறுகிறவன் பார்த்தான். மச்சான் திறப்பு வழியாகப் பார்த்தான். மாஸ்டர் வெங்காயம் நறுக்குவதை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தார்.

"தட்டு காயல," என்றார் மாஸ்டர். மறுபடி வெங்காயத்துக்குத் திரும்பினார்.

அவ்வளவுதான். மற்றவர்களும் தங்கள் தங்கள் வேலைக்குத் திரும்பினார்கள். முள்ளக்கா கிழிந்த துண்டைச் சுரண்டி எடுத்துத் தூர வைத்தார். கரியை விசிறிவிட்டார். கம்பிக்கு மேல் உள்ளங்கையைக் காட்டி எண்ணினார். ஒன்று. இரண்டு. மூன்றாவது விரலிலும் சுருக்கென்று சுட்டது. கையை இழுத்துக்கொண்டு, "அடுத்த மீன குடு தம்பி!" என்று திறப்பைப் பார்த்துக் கத்தினார்.